கேட் (மத்திய அரசு ஊழியர்களின் பணி வழக்குகளைப் பார்க்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம்) வழக்கை எந்த ஊரில் போடுவது? டில்லித் தமிழர் அனுபவங்கள்

மயூர் விஹார் பென்ஷனர்:
திருச்சியில் மத்திய அரசு வேலை, ஓய்வுக்குப் பிறகு மகளோடு இங்கே குடித்தனம். பணிக்காலத்தில் சம்பளம் கூடுதலாகப் போய்விட்டதென்று கிராஜுட்டியில் ஒரு தொகையைப் பிடித்துக்கொண்டார்கள். கேட்டின் மெட்ராஸ் பெஞ்சில்தான் போடணும், இந்த வயசில் எத்தனை தடவை ரயிலேறுவது என்று விட்டுவிடப் பார்த்தேன். கேட்டின் டில்லி பெஞ்ச் இருக்கும் கோப்பர்நிக்கஸ் மார்க் பக்கம் பிராக்டிஸ் செய்யும் நம்மூர் வக்கீல்தான் 1987 கேட் நடைமுறை விதிகளில் ஆறாவதை எடுத்துக் காட்டினார். பணியில் இருப்பவர் தற்போது போஸ்டிங் உள்ள ஊரில் போடலாம். இல்லையென்றால் பிரச்சினை முழுசாகவோ ஓரளவோ எழுந்த ஊரில். ஓய்வு பெற்றவருக்கும் டிஸ்மிஸ் ஆனவருக்கும் கூடுதலாக ஒரு வழி: மனுப் போடும்போது வழக்கமாகக் குடியிருக்கும் ஊர். "திருச்சி ஆபீஸ் விவகாரம், மெட்ராஸ் போகட்டும்" என்று டிபார்ட்மென்ட் வக்கீல் ஆட்சேபித்தார். டில்லி முகவரியுள்ள ஆதாரும் பென்ஷன் பாஸ்புக்கும் மனுவோடு இருந்ததால் எடுபடவில்லை. லீவுக்கு மகள் வீட்டுக்கு வந்து போகிறவர்கள் இதை முயற்சி செய்ய வேண்டாம்.

ஆர்.கே.புரம்:
சார், தலைவலி எல்லாம் சர்வீஸில் இருப்பவர்களுக்குத்தான். என்னை டில்லி ஹெட் ஆபீஸிலிருந்து கௌஹாத்திக்கு மாற்றினார்கள். ரிலீவ் ஆவதற்கு முன்பே இங்கே ஓ.ஏ. (கேட்டில் போடும் மூல மனு) போட்டேன். உத்தரவு டில்லியில் போட்டது, அங்கே போய்ச் சேர்ந்த பிறகும் இங்கே போடலாம்தான். ஆனால் ஜாயின் பண்ணிவிட்டு ஸ்டே கேட்டால் யார் கொடுப்பார்கள்? ஜாயின் பண்ணாதபோதும் கொடுக்கவில்லை என்பது வேறு விஷயம்.

கரோல் பாக்:
என் மச்சான் துணை ராணுவப் படையில் இருந்தவர். அவர்களுக்கு கேட் கிடையாது. கேட் அமைக்க வழிசெய்த 1985 சட்டமே ஆயுதப் படையினரை விலக்கிவைத்திருக்கிறது. நேராக உயர் நீதிமன்றம்தான். காஷ்மீரில் பணிநீக்கம், சொந்த ஊர் வேலூர். "தலைமையகம் டில்லி, அக்கா வீடும் டில்லி, இங்கேயே போட்டுடலாம் மாமா" என்று வந்து நின்றார். அது அவ்வளவு லேசில்லை. துறைக்குள் செய்த முறையீட்டைக் கேட்ட அதிகாரி டில்லியில் இருக்கிறார் என்பதற்காக மட்டும் வழக்கை எடுத்தே ஆகவேண்டியதில்லை என்று டில்லி உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2011-லேயே சொல்லியிருக்கிறது.

சரி, சென்னை? உத்தரவுத் தபால் வேலூருக்கு வந்தது என்பது மட்டும் போதுமா என்று அங்கேயும் இழுபறி. ராஜஸ்தான் அரசு சம்பந்தப்பட்ட 1985 வழக்கில், நோட்டீஸ் போய்ச் சேர்ந்த ஊருக்கு அதனாலேயே அதிகாரம் வந்துவிடாது என்றது உச்ச நீதிமன்றம். 2014-ல் நவல் கிஷோர் சர்மா வழக்கில் வேறு மாதிரி. மருத்துவக் காரணத்தால் வேலையிழந்த கப்பல் ஊழியர் பீகாரிலிருந்து எழுதினார், பதிலும் பீகாருக்கே வந்தது, பாட்னா விசாரிக்கலாம் என்றார்கள். மச்சானும் முறையீட்டை வேலூரிலிருந்து அனுப்பியிருந்தார், நிராகரிப்பும் வேலூருக்கே வந்தது. அதைப் பிடித்துக்கொண்டு சென்னையில் போட்டோம். அட்மிட் ஆகிவிட்டது, சென்னையில் விசாரிக்கலாமா என்ற எல்லைக் கேள்வியை இறுதி விசாரணைக்குத் தள்ளியிருக்கிறார்கள்.

ஆர்.கே.புரம்:
அண்ணா, ஸ்ரீநகரிலேயே போட்டிருந்தால்?

கரோல் பாக்:
எல்லைப் பேச்சே வந்திருக்காது. வேலையும் போனவர் ஒவ்வொரு வாய்தாவுக்கும் வேலூரிலிருந்து அங்கே போவது எப்படி?

மயூர் விஹார் பென்ஷனர்:
ஒன்று விட்டுப்போச்சு. கேட் தீர்ப்பை எதிர்ப்பதானால், தீர்ப்புச் சொன்ன பெஞ்ச் எந்த உயர் நீதிமன்றத்தின் எல்லைக்குள் இருக்கிறதோ அங்கே, இரு நீதிபதிகள் அமர்வு முன்பு. உச்ச நீதிமன்றத்தின் 1997 சந்திரகுமார் தீர்ப்பு அப்படித்தான். மேற்கு வங்கத் தலைமைச் செயலாளராக இருந்த அலபன் பந்தோபாத்யாயின் கேட் மனுவை டில்லித் தலைமை பெஞ்ச் கொல்கத்தாவிலிருந்து தன்னிடம் மாற்றிக்கொண்டது. கொல்கத்தா உயர் நீதிமன்றம் அந்த மாற்றல் உத்தரவை ரத்து செய்தது. அது டில்லி உயர் நீதிமன்றம் பார்க்க வேண்டியது என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அப்புறம், கேட்டில் மனுப் போட இறுதி உத்தரவிலிருந்து ஒரு வருஷம்தான் கெடு. தப்பான ஊரில் போட்டு வாபஸ் வாங்கினால், தாமதத்தை மன்னிக்கச் சொல்லித் தனி மனுவும் எழுத வேண்டிவரலாம்.