மைக் பிடிச்சவையும் மாவுக்குள்ள முகம் வைச்சவையும்

உவர்மலை அக்கா:

பிள்ளையளுக்கு விளையாட்டு நடத்திற ஆக்களோட உங்கட அனுபவத்தை எழுதுங்கோ எண்டு கேட்டிருந்தியள். நான் கொஞ்சம் சுத்தித்தான் வருவன்.

என்ர மகன் யூடியூபில 'டபுள் டேர்' எண்ட அமெரிக்கச் சிறுவர் நிகழ்ச்சியின்ர பழைய பகுதியளைப் பார்க்கத் தொடங்கி, இப்ப முழு வீடும் அதுக்கு முன்னாலதான். 1986 ஒக்டோபரில நிக்கலோடியன் சனலில தொடங்கினது. கேள்விக்கு விடை தெரியாட்டி எதிர்க்குழுவுக்குத் தள்ளிவிடலாம், காசு இரட்டிப்பாகும். அவை திருப்பித் தள்ளினா இன்னும் ஏறும். அதுக்குப் பிறகு தப்ப வழியில்லை. ஒண்டில் விடை, இல்லாட்டி எழும்பிப் போய் ஏதாவது கோமாளிக்கூத்து. கடைசித் தடை ஓட்டத்தில 60 செக்கனுக்குள்ள 8 கொடி எடுக்கோணும். ஒரு தடை ஆள் உயர மூக்கு. அதுக்குள்ள கையை விட்டுச் சளி மாதிரி ஒரு கூழுக்குள்ள கொடியைத் துழாவோணும். அம்மா பார்த்திட்டு அண்டைக்கு இரவுச் சாப்பாடே வேண்டாம் எண்டிட்டா.

அதை நடத்தினவர் மார்க் சம்மர்ஸ். மேஜிக், பகிடி மேடை எண்டு அலைஞ்சு, முப்பது வயசு தாண்டித்தான் அந்த இடத்துக்கு வந்தவர். அந்த ஆளுக்கு ஓசிடி. எல்லாம் துப்பரவா, நேரா இருக்கோணும் எண்டு மனம் விடாமல் அரிக்கிற வருத்தம். வீட்டில கம்பளத்தின்ர ஓரக் குஞ்சத்தைக் கூட நேராக்கிக்கொண்டு இருப்பாராம். அப்பிடிப்பட்டவர் கிரீமும் பச்சைக் கூழும் பறக்கிற இடத்தில வருசக்கணக்கா சிரிச்சுக்கொண்டு நிண்டிருக்கிறார். 90களிலதான் வெளியில சொன்னவர். 2001இல சாப்பாட்டுச் சனல் ஒண்டில, தின்பண்டங்கள் தொழிற்சாலையில எப்பிடிச் செய்யினம் எண்டு காட்டிற நிகழ்ச்சிக்குப் போய் அங்கயும் நிலைச்சிட்டார். 2018இல டபுள் டேர் திரும்ப வந்தபோது ஒரு இளம் பெண் நடத்த, இவர் பக்கத்தில நிண்டு வர்ணனை சொன்னார். இடத்தை விட்டுக்குடுத்திட்டு அந்த மேடையிலயே நிக்கிறதெண்டா லேசில்லை.

நான் பார்த்த பகுதியளில, பிள்ளை வழுக்கி விழுந்தா இவர்ர பகிடி கூழிலதான் விழும், பிள்ளையில விழாது. அதைப் பார்க்கேக்க எங்கட மாஸ்டர்தான் ஞாபகம் வந்தவர்.

சித்திரை வருசத்துக்கு எங்கட திருகோணமலைப் பக்கம் தேசிக்காய் ஓட்டம், சாக்கு ஓட்டம், பணிஸ் தின்னிறது, யானைக்குக் கண் வைக்கிறது எல்லாம் அவர்தான் நடத்துவார். மாவுக்குள்ள காசு எடுக்கிறதில ஒரு சின்னப் பொடியன், எல்லாரும் எழும்பின பிறகும் வாயால துழாவிக்கொண்டு நிக்கிறான். கண்ணிமை கூட வெள்ளை. சனம் சிரிக்கத் தொடங்கிட்டுது, அவன்ர உதடு பிதுங்குது. மாஸ்டர் மைக்கை என்ர கையில திணிச்சிட்டுப் பக்கத்துத் தட்டுக்குள்ள தன்ர முகத்தை வைச்சார். எழும்பி, "எனக்கும் ஆப்பிடேல்லையடா, கமிட்டி காசே போடேல்ல போல" எண்டார். மூக்குக் கண்ணாடியோட வைச்சவர்! பொடியன் விழுந்து விழுந்து சிரிச்சான். கமிட்டிக்காரருக்குத்தான் முகம் கறுத்துப் போச்சு.

நிலாவெளித் தம்பி:

அக்கா, எனக்கு நடந்தது மறுவளம். ஒரு கடைத் திறப்புவிழாவுக்கு வந்த அறிவிப்பாளர், சன் டிவியில சின்னப் பிள்ளையளிட்டக் கேள்வி கேட்ட 'குட்டி சுட்டீஸ்' நிகழ்ச்சியைப் பார்த்துப் பழகினவராக்கும், ஒரு பிள்ளையை மேடையில ஏத்தி "அப்பா வீட்டில அம்மாவுக்குப் பயமோ?" எண்டு கேட்டார். அவள் அப்பா இல்லாத பிள்ளை. எங்கட ஊரில அப்பிடி எத்தினை பிள்ளையள் எண்டு உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. அவள் ஒண்டும் பேசேல்லை. அந்தாள் "வெக்கப்படுறா" எண்டு அடுத்த பிள்ளைக்குப் போயிட்டார்.

அந்த நிகழ்ச்சியை நடத்தின இமான் அண்ணாச்சி கேள்வி கேட்டிட்டுப் பிள்ளையளிட்டத் தானே பல்பு வாங்கினவர், சனம் சிரிச்சது அவரைப் பார்த்து. இவையள் கேள்வியை மட்டும் கொப்பியடிச்சிட்டு, பல்பைப் பிள்ளையின்ர கையில குடுத்திட்டினம்.

கோணேசர் வீதி ஐயா:

எங்கட காலத்தில ரிவி ஏது? இலங்கை வானொலியின்ர 'சிறுவர் மலர்' நிகழ்ச்சிதான். அறிவிப்பாளர் பி. எச். அப்துல் ஹமீதும் சின்னப் பொடியனா அதுக்குள்ளால வந்தவர்தான். பிறகு 'பாட்டுக்குப் பாட்டு' போட்டியை நடத்தேக்க, குடுத்த எழுத்தில தொடங்கிற பாட்டு வராமல் திணறிறவருக்கும் மரியாதை குறையாமல் பேசுவார். மைக்குக்கு அந்தப் பக்கம் நிண்டு நடுங்கிப் பார்த்தவருக்குத்தான் அது வரும் எண்டு நான் நினைக்கிறன். தம்பி சொன்ன அறிவிப்பாளரை ஒருக்கா மாவுக்குள்ள முகம் வைக்கப் பண்ணோணும்.

உவர்மலை அக்கா:

ஐயா, மாவுக்கே வழியில்லாமலும் இருந்தம். 2022 நெருக்கடியில கோதுமை மா கிடைக்காமல் உமியைக் கொட்டி விளையாட்டை நடத்திப் பார்த்தம். பிள்ளையள் தும்மித் தும்மிக் களைச்சதுதான் மிச்சம். மாஸ்டருக்கு இப்ப முழங்கால் ஏலாது, வாற சித்திரைக்கு மைக் பிடிக்க ஆள் தேடுறம். நிலாவெளித் தம்பி, நீர் வாறீரோ? கண்ணாடி போடுறனீர் எண்டா கழட்டி வைச்சிட்டு வாரும்.