தீர்ப்பை நிறைவேற்றக் கேட்டு இ.பி. (நிறைவேற்று மனு) போட்டும் நிலம் கைக்கு வரவில்லை, ஐகோர்ட்டுக்குப் போகலாமா?

சிப்புட் மணியம்:
மலேசியாவில் சுங்கை சிப்புட்டில் செம்பனைத் தோட்டத்தில் மண்டோர் (கங்காணி) வேலை எனக்கு. திருச்சி பக்கம் அப்பா பேரில் ஒண்ணரை ஏக்கர். சித்தப்பா மகன் பிடித்துக்கொண்டு விடமாட்டேன் என்கிறார். வழக்கில் அப்பா ஜெயித்தார், அப்பீலிலும் ஜெயித்தார். சுவாதீனம் கேட்டு இ.பி. போட்டதும், இந்த டிகிரியே (தீர்ப்பாணையே) செல்லாது என்று எதிராளி சிவில் நடைமுறைச் சட்டம் 47-ஆம் பிரிவில் ஒரு மனுவைச் செருகினார். 2022-லிருந்து அதுதான் நந்தி மாதிரி குறுக்கே கிடக்கிறது. போன வருஷம் அப்பாவும் போய்விட்டார்.

காலையில் பெரட்டு (ஆள் கணக்கெடுப்பு) முடிந்ததும் வழக்கு நிலவரம் பார்க்கக் கைப்பேசியில் இ-கோர்ட்ஸைத் திறப்பேன். 'கவுண்டருக்காக' (பதில் மனுவுக்காக) என்று இருக்கும், பக்கத்தில் அடுத்த தேதி. அந்தத் தேதி வந்தால் மறுபடி 'கவுண்டருக்காக'. வக்கீலைக் கேட்டால் "கோர்ட்டு அப்படித்தாங்க". சீக்கிரம் முடி என்று கீழ்க்கோர்ட்டுக்கு ஐகோர்ட்டு உத்தரவு போடுமாமே? இங்கிருந்துகொண்டு கேட்க முடியுமா?

கிள்ளான் ராணி:
போடும் தம்பி. இ.பி.யை ஆறு மாதத்தில் முடிக்கணும், முடியாவிட்டால் காரணத்தை எழுதி வைக்கணும் என்று உச்ச நீதிமன்றம் 2021-லேயே சொன்னது. 2025 மார்ச்சில் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் (1986-ல் போட்டதாம்!) தேங்கிக் கிடக்கும் இ.பி.களைக் கணக்கெடுத்து ஆறு மாதத்தில் முடிக்க வையுங்கள் என்று எல்லா ஐகோர்ட்டுக்கும் உத்தரவு. அக்டோபரில் பார்த்தால் இன்னும் 8.8 லட்சம் பாக்கி. உத்தரவை நம்பி உட்காராமல் மனு போடுங்கள்.

வக்கீல் குமாஸ்தா, ஸ்ரீரங்கம்:
ஐகோர்ட்டு மதுரைக் கிளைக்குக் கிளம்புமுன் ஒரு விஷயம் அண்ணே. 47 மனு போட்டது எதிராளி. அதற்குக் கவுண்டர் போட வேண்டியது நம்ம பக்கம். அப்படியென்றால் இழுப்பது கோர்ட்டுமில்லை, சித்தப்பா மகனுமில்லை, உங்கள் வக்கீல்! அரசியல் சாசனம் 227-ல் சி.ஆர்.பி. (சிவில் சீராய்வு மனு) போட்டால் நீதிபதி கண்ணில் முதலில் படுவதே அதுதான்.

மற்றபடி 227-ல் இப்படிக் கேட்பது இங்கே சாதாரணம். இத்தனை வாரத்தில் முடி என்பார்கள்; யார் பக்கம் நியாயம் என்று வாய் திறக்க மாட்டார்கள். ஆனால் அபூர்வமான நிலைமையில்தான் இப்படிக் கெடு வைக்கலாம் என்று 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது. தாமதம் நம்முடையது இல்லை என்று காட்டினால்தான் கேட்கவே வாய் இருக்கும்.

சிப்புட் மணியம்:
வக்கீலுக்குப் போன் அடித்தேன். அப்பா இல்லாததால் கவுண்டரில் கையெழுத்துப் போட ஆளில்லையாம். இத்தனை நாள் சொல்லவே இல்லை! அப்பாவோடு இ.பி.யும் போய்விடுமா?

கிள்ளான் ராணி:
போன வருஷம்தானே அப்பா போனார்? அதற்கு முந்தி என்ன செய்தாராம்? வக்கீலை மாற்றுங்கள் தம்பி.

வக்கீல் குமாஸ்தா, ஸ்ரீரங்கம்:
போகாது அண்ணே. மற்ற வழக்கு மாதிரி இ.பி. அற்றுப்போகாது, வாரிசுகள் சேர்ந்து நடத்தலாம். வாரிசுச் சான்று எடுங்கள். ஊரில் நம்பிக்கையான ஆளுக்குப் பவர் எழுதி, கோலாலம்பூர் இந்தியத் தூதரகத்தில் (ஹைகமிஷன்) சான்று வாங்கி அனுப்புங்கள்; இந்தியா வந்து சேர்ந்த மூன்று மாதத்துக்குள் முத்திரைக் கட்டணம் கட்டிவிட வேண்டும். கவுண்டர் போன பிறகும் எதிராளி வாய்தா வாங்கினால் அப்போது சி.ஆர்.பி. போடுங்கள். உத்தரவு கிடைத்ததும் நகலை மெமோவோடு கீழ்க்கோர்ட்டில் தாக்கல் செய்யச் சொல்லுங்கள். அது தானாக வந்து சேரும் என்று காத்திருந்து மாதக்கணக்கில் விட்டவர்களைப் பார்த்திருக்கிறேன்.