கில்லர் லிட்டர்: கொல்குப்பை எனலாமா?

குழும உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

'கில்லர் லிட்டர்' (killer litter) என்னும் ஆங்கிலத் தொடருக்கு நிலையான தமிழ்ச்சொல் ஒன்று வேண்டும் என்று எழுந்த கோரிக்கைக்கு விடையாக உயிர்க்கொல்லிக் குப்பை, கொலைகாரக் குப்பை, குப்பைக்கொல்லி, எறிகொல்லி, மேல்வீழ்பொருள் ஆகிய சொற்கள் இதுவரை வந்திருக்கின்றன. இவற்றை எடைபோடுவதற்கு முன், அந்தத் தொடர் எதைக் குறிக்கிறது, எதைக் குறிப்பதில்லை என்பதைத் தெளிவுபடுத்திக்கொள்வது நல்லது. தமிழகத்திலிருந்தும் இலங்கையிலிருந்தும் எழுதும் உறுப்பினர்களில் சிலர் இதனை நச்சுக் கழிவு, மருத்துவமனைக் கழிவு போன்றவற்றோடு சேர்த்துப் புரிந்துகொண்டிருப்பது அவர்களுடைய மடல்களிலிருந்து தெரிகிறது.

இது சிங்கப்பூர் ஆங்கிலம். ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதி 2016-இல் சிங்கப்பூர்ச் சொற்கள் சிலவற்றைச் சேர்த்துக்கொண்டபோது, 'ஹாக்கர் சென்டர்' (உணவங்காடி நிலையம்), 'வெட் மார்க்கெட்' (ஈரச்சந்தை) ஆகியவற்றோடு இத்தொடரும் இடம்பெற்றது. உயர்மாடிக் கட்டடங்களிலிருந்து வீசப்படும் அல்லது தவறி விழும் பொருள், கீழே நடப்பவரின் உயிரைப் பறிக்கவோ உடலைக் காயப்படுத்தவோ கூடியதாக இருந்தால் அதுவே கில்லர் லிட்டர். பூத்தொட்டி, கண்ணாடிப் போத்தல், மிதிவண்டி, நாற்காலி, துணி காயவைக்கும் மூங்கில் கழி முதலிய அனைத்தும் இதில் அடங்கும். நச்சுத்தன்மை, தொற்று ஆகியவற்றோடு இதற்குத் தொடர்பே இல்லை.

மக்களில் மிகப் பெரும்பாலோர் அரசின் வீடமைப்பு வளர்ச்சிக் கழக (வீவக) அடுக்குமாடிகளில் வசிக்கும் ஊரில் இப்படி ஒரு தனிச்சொல் தோன்றியது இயல்பே. பழைய புளோக்குகளின் பொது நடைவழிகளில் இடுப்பளவுக்குச் சுவர் ஒன்று ஓடும். அதன் விளிம்பில் துளசியும் கற்றாழையும் வரிசையாக வைத்திருப்போர் உண்டு. சமையலறைச் சன்னலுக்கு வெளியே பதிக்கப்பட்ட குழாய்களில் மூங்கில் கழிகளைச் செருகி ஈரத்துணி உலர்த்துவதை இன்றும் காணலாம். நனைந்த பெட்ஷீட்டின் பாரத்தோடு வெளியே நீண்டிருக்கும் கழி ஒன்று கைநழுவினால் அது நேராகக் கீழே, பெரும்பாலும் மக்கள் நடந்துபோகும் பாதையில்தான், விழும். 30 மீட்டர் உயரத்திலிருந்து, அதாவது ஏறத்தாழப் பத்துப் பதினொரு மாடி உயரத்திலிருந்து, விழும் பூத்தொட்டி தரையைத் தொட இரண்டரை விநாடி போதும். தொடும் நேரத்தில் அதன் வேகம் மணிக்கு 85 கிலோமீட்டரைத் தாண்டியிருக்கும். 2009-இல் கட்டி முடிக்கப்பட்ட டக்ஸ்டன் பினக்கல் என்னும் வீவக குடியிருப்பு 50 மாடிகள் கொண்டது என்பதையும் நினைத்துக்கொள்ளுங்கள். ஆக, கொல்வது பொருளின் தன்மை அன்று, உயரம். கலைச்சொல் தேடும்போது இதனை மறக்கக் கூடாது.

ஆபத்து கற்பனையானதும் அன்று. 2019-ஆம் ஆண்டு ஸ்பாட்டிஸ்வுட் பார்க் வட்டாரத்தில் தனியார் அடுக்குமாடி ஒன்றிலிருந்து எறியப்பட்ட ஒயின் போத்தல் பட்டு 73 வயது முதியவர் ஒருவர் உயிரிழந்தார். எறிந்தவருக்கு 2022-இல் ஐந்தரை ஆண்டுச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது.

அடுத்து, எல்லைகள். சிகரெட் துண்டு, மெல்லிழைத்தாள் (டிஷ்யூ), உணவுப் பொட்டலம் ஆகியவற்றை மாடியிலிருந்து வீசுவதும் குற்றமே. அதற்காகத்தான் தேசிய சுற்றுப்புற வாரியம் 2012 முதல் கண்காணிப்புக் கேமராக்களைப் பொருத்தி வருகிறது. ஆனால் அதனை ஆங்கிலத்தில் 'ஹை-ரைஸ் லிட்டரிங்' என்பார்களே தவிர, கில்லர் லிட்டர் என்பதில்லை. கழன்று விழும் சன்னல்களும் இதில் சேர்வதில்லை. 2004-இல் சன்னல்களின் அலுமினியத் தறையாணிகளை மாற்றி எஃகு ஆணி பொருத்துவது கட்டாயமாக்கப்பட்ட காலத்திலிருந்தே 'விழும் சன்னல்' என்பது தனி வகையாகப் பேசப்படுகிறது. நம் சொல் இந்த இரண்டையும் விழுங்கிவிடாமல் இருக்க வேண்டும்.

சட்டத்தைப் பற்றி ஓர் உறுப்பினர் கேட்டிருந்தார். இத்தகைய செயலுக்குப் பொதுவாகப் பொருந்தும் தண்டனைச் சட்டத்தின் 336-ஆம் பிரிவில் கில்லர் லிட்டர் என்ற சொல்லே கிடையாது. பிறர் உயிருக்கோ பாதுகாப்புக்கோ ஆபத்து உண்டாக்கும் வகையில் முரட்டுத் துணிச்சலோடு அல்லது கவனக்குறைவாகச் செய்யும் செயல் என்றுதான் அது பேசுகிறது. (இந்தியாவின் பழைய தண்டனைச் சட்டத்திலும் இதே எண்ணில் இதே பிரிவு இருந்தது என்பது தமிழகத்து வழக்கறிஞர் உறுப்பினர்களுக்குத் தெரிந்திருக்கும், இரண்டும் ஒரே காலனித்துவத் தாயின் பிள்ளைகள்.) குற்றம் செய்தவரின் வீட்டை மீட்டுக்கொள்ளவும் வீவகவுக்கு அதிகாரம் உண்டு. நான் சொல்ல வருவது, இந்தத் தொடர் சட்டத்தின் சொல் அன்று, அறிவிப்புப் பலகையின் சொல், செய்தித் தலைப்பின் சொல் என்பதே. ஆகவே நமக்குத் தேவைப்படுவது வழக்குமன்றத்தில் பிரித்து ஆராயத்தக்க துல்லியமான வரையறை அன்று. மின்தூக்கிக்குக் காத்திருப்பவர் நிமிர்ந்து பார்த்த மாத்திரத்தில் நெஞ்சில் தைக்க வேண்டிய சொல்.

அந்த மின்தூக்கிப் பலகையையே எடுத்துக்கொள்வோம். நான்கு மொழிகளில் அச்சாகும் இத்தகைய அறிவிப்புகளைப் பிழைதிருத்துவது என் அன்றாட வேலைகளில் ஒன்று. சீனத்தில் 'காவ் லோ பாவ் வூ' என்று நான்கே எழுத்து: உயர்ந்த கட்டடத்திலிருந்து பொருள் எறிதல். அது செயலைப் பெயரிடுகிறது. மலாயில் 'சம்பா மவுட்': மரணக் குப்பை. இதில் உள்ள 'மவுட்' நம் தமிழ் முஸ்லிம்கள் இறப்பைக் குறிக்கச் சொல்லும் 'மவுத்' என்ற அதே அரபுச் சொல்தான். தமிழுக்கு வரும்போது 'உயர்மாடிகளிலிருந்து வீசப்படும் உயிருக்கு ஆபத்து விளைவிக்கக்கூடிய பொருள்கள்' என்று ஒரு வரி முழுவதும் ஓடி, அடுத்த வரியிலும் பாதியைப் பிடித்துக்கொள்கிறது. வடிவமைப்பாளர் என்ன செய்வார்? தமிழின் எழுத்தளவைக் குறைப்பார். பிறகு, முதியவர்களால் படிக்க முடியவில்லை என்று நாமே குறைப்பட்டுக்கொள்கிறோம்.

இனி முன்மொழிவுகளுக்கு வருகிறேன். 'குப்பைக்கொல்லி' நிச்சயமாகப் பொருந்தாது. பூச்சிக்கொல்லி பூச்சியைக் கொல்வது, களைக்கொல்லி களையைக் கொல்வது; அந்த வரிசையில் குப்பைக்கொல்லி என்றால் குப்பையை ஒழிக்கும் ஏதோ ஒரு மருந்து என்றே எவரும் நினைப்பர். ஆங்கிலத்தில் முன்னே நிற்கும் 'கில்லர்' பின்னே வருவதற்கு அடை. தமிழில் பின்னே நிற்கும் 'கொல்லி' முன்னே இருப்பதைத் தனக்குச் செயப்படுபொருளாக்கிக்கொள்கிறது. 'எறிகொல்லி'யை முன்மொழிந்த செங்காங் நண்பர், எறிந்து கொல்வது எனப் பிரித்துக்கொள்ளலாம் என்கிறார். பிரிக்கலாம்தான். ஆனால் கேட்டவுடன் எறிகணை, எறிகுண்டு ஆகிய படைக்கலங்களின் உறவாகத்தான் அது ஒலிக்கிறது; மேலும், தவறி விழுந்த தொட்டியை எவரும் எறியவில்லையே.

'கொலைகாரக் குப்பை' தினசரித் தலைப்புக்குச் சுவையாக இருக்கும். ஆனால் கொலைகாரன் என்றால் மனம் வேண்டும், பூத்தொட்டிக்கு அது இல்லை. தமிழ் இந்த வேறுபாட்டைப் பொதுவாக நுட்பமாகக் காத்து வந்திருக்கிறது: ஊருக்குள் புகுந்த புலியையும் பரவும் நோயையும் ஆட்கொல்லி, உயிர்க்கொல்லி என்கிறோமே தவிர, கொலைகாரப் புலி என்று சொல்வது அரிது. ஆகவே 'உயிர்க்கொல்லிக் குப்பை' இலக்கணத்துக்கும் பொருளுக்கும் ஒத்துவருகிறது. அதன்மீது எனக்குள்ள குறை இரண்டு. ஒன்று நீளம். மற்றொன்று, உயிர்க்கொல்லி என்னும் சொல் நோயோடு மிகவும் ஒட்டிக்கொண்டுவிட்டது. கிருமி படிந்த குப்பை என்ற மயக்கத்தை அதுவே உண்டாக்குகிறது. நம் குழுமத்திலேயே அந்த மயக்கம் நேர்ந்ததைப் பார்த்தோம்.

'மேல்வீழ்பொருள்' உயரத்தையும் விழுதலையும் சொல்வது அதன் சிறப்பு. ஆனால் அச்சுறுத்தல் இல்லை. மரக்கிளையும் மாங்காயும் கூட மேல்வீழ்பொருளே.

நான் முன்வைப்பது 'கொல்குப்பை'. கொல்களிறு என்று சங்கப் பாடல்கள் யானையைச் சொன்ன அதே வாய்பாடு, வினைத்தொகை. கொன்ற, கொல்கின்ற, கொல்லும் என்று முக்காலத்துக்கும் இடம் தருவதால், இன்னும் எவரையும் கொல்லாத, ஆனால் கொல்லக்கூடிய பொருளையும் அது இயல்பாகத் தழுவிக்கொள்கிறது. அகராதி வரையறை கேட்பதும் இதைத்தான். வினைத்தொகை பண்டிதர்களின் நடை என்று அஞ்ச வேண்டியதில்லை. ஊறுகாய், குடிநீர், சுடுகாடு எல்லாம் வினைத்தொகைகளே. எழுதும் முறையிலும் குழப்பம் இல்லை. 'நெல்' என்ற பெயர்ச்சொல்லோடு சேரும்போது நெற்குப்பை என்று லகரம் றகரமாகத் திரியும். கொல்குப்பை வினைத்தொகை ஆதலால் கொல்களிறு போலவே இயல்பாக நிற்கும். கொற்குப்பை என்றோ கொல்க்குப்பை என்றோ எழுதக் கூடாது. இடைவெளி விட்டு எழுதுவதையும் தவிர்க்க வேண்டும்; 'கொல் குப்பை' என்று பிரித்துப் போட்டால், குப்பையைக் கொல்லும்படி எவரோ ஏவுவது போலாகிவிடும்.

ஓசைக்காகவும் இதனைப் பரிந்துரைக்கிறேன். கில்லர், லிட்டர் என்று இரண்டு சொற்களும் ஒரே ஒலியில் முடிவதால்தான் ஆங்கிலத் தொடர் நாவில் நின்றது. தமிழில் ஒகரமும் உகரமும் ஒரே மோனைக் குழுவைச் சேர்ந்தவை. கொ, கு இரண்டும் யாப்பு முறைப்படியே மோனை பெறுகின்றன. பலகைச் சொல்லுக்கு இது சிறிய நன்மை அன்று.

'பூத்தொட்டியும் மிதிவண்டியும் எப்படிக் குப்பையாகும்?' என்று மதுரைப் பேராசிரியர் ஐயா எழுப்பிய கேள்விதான் இந்த விவாதத்திலேயே வலுவானது. அவர் சொல்வது சரி. குப்பை என்பதற்கு முதற்பொருள் குவியல். மேலே சொன்ன நெற்குப்பை, நெற்குவியலே. ஆங்கில 'லிட்டர்' வந்த வழியோ நேர் எதிரானது. படுக்கையைக் குறிக்கும் இலத்தீன் சொல்லிலிருந்து பிறந்து, ஆள் சுமக்கும் பல்லக்காகி, மாட்டுத் தொழுவத்தில் பரப்பும் வைக்கோலாகி, அந்த வைக்கோலில் ஓர் ஈற்றில் பிறந்த குட்டிகளாகி, கடைசியில் அங்குமிங்கும் சிதறிக் கிடக்கும் கழிவாயிற்று. ஒன்று குவிந்தது, மற்றொன்று சிதறியது. இரண்டும் இன்று வேண்டாத பொருள் என்னும் ஒரே இடத்தில் வந்து சேர்ந்திருக்கின்றன. எனவே வேர்ப்பொருளைக் காட்டி எதையும் நிறுவவோ மறுக்கவோ இயலாது என்பதே என் கருத்து. இன்றைய வழக்கை மட்டும் பார்த்தால், நல்ல மிதிவண்டியை ஆங்கிலமும் தெரிந்தேதான் குப்பை என்கிறது. அது பொருளைப் பற்றிய வருணனை அன்று, எறிந்தவர்மீது வைக்கும் குற்றச்சாட்டு. அந்த இகழ்ச்சி தமிழிலும் இருக்கட்டும். 'கொல்பொருள்' என்று நடுநிலையாக்கினால் அது போய்விடும்.

உயரம் இச்சொல்லில் வரவில்லை என்பது உண்மையான குறை, அதை மறைக்க விரும்பவில்லை. ஆங்கிலத்திலும் அது வரவில்லை என்பது சமாதானமே தவிர விடை ஆகாது. இதற்கு ஒரு வழி உண்டு: 'ஹை-ரைஸ் லிட்டரிங்' என்பதற்கு 'மாடிக்குப்பை வீச்சு' என்று இணைச்சொல் ஒன்றை இதோடு சேர்த்தே பரிந்துரைத்துவிடலாம். மாடிக்குப்பை, கொல்குப்பை இரண்டும் ஒரே பலகையில் மேலும் கீழுமாக வரும்போது ஒன்றின் பொருள் மற்றொன்றை விளக்கிவிடும். கழன்று விழும் சன்னலுக்கு 'விழும் சன்னல்' என்பதே போதும். அதற்கும் கலைச்சொல் தேடுவது வீண் உழைப்பு.

வெளிநாட்டுத் தமிழருக்கு இச்சொல் புரியுமா என்று கேட்டவருக்கு: 'ஈரச்சந்தை' என்று நாம் சொல்வதும் அவர்களுக்குப் புரிவதில்லை, இங்கே மீன் வாங்கப் போகும் எவருக்கும் அதனால் இடையூறு வந்ததில்லை.

பயன்பாட்டுக்கு மாதிரியாகச் சில வாக்கியங்கள்:

'கொல்குப்பை எறியாதீர். கீழே செல்பவர் உயிர் உங்கள் கையில்.'

'நடைவழிச் சுவர்மேல் பூத்தொட்டிகளை வைக்காதீர்கள். தவறி விழுந்தால் அவையும் கொல்குப்பையே.'

'கொல்குப்பை தொடர்பில் 45 வயது ஆடவர்மீது குற்றஞ்சாட்டப்பட்டது.'

மூன்றாவது வாக்கியத்தில் 'தொடர்பில்' என்பதற்குப் பதிலாக 'எறிந்ததாக' என்று போட்டால், தவறி விழுந்த நிகழ்வுகளில் செய்தியாளர் பிழைபட எழுதிவிட நேரும். ஆகவே 'எறிதல்', 'விழவிடுதல்' என்னும் இரு வினைகளையும் சொல்லுக்கான குறிப்பில் சேர்த்துவிடலாம் என்று நினைக்கிறேன். செய்தித்துறையில் இருக்கும் உறுப்பினர்கள் இந்த ஒன்றைப் பற்றி மட்டும் தங்கள் கருத்தைத் தனியே எழுதினால், பரிந்துரைப் பட்டியலில் ஏற்றுவதற்கு முன் குறிப்பைத் திருத்திக்கொள்கிறேன்.

அன்புடன்,
ஈசூனிலிருந்து ஓர் உறுப்பினர்