நேப்பிள்ஸிலிருந்து அமால்ஃபி கடற்கரைக்கு ஒரு நாள்: எட்டுப் பேர் வேனா, நாமே போய்வருவதா?

தென்றல் (கேள்வி)

அனைவருக்கும் வணக்கம். செப்டம்பர் இறுதியில் நானும் கணவரும் என் அம்மாவும் இத்தாலி செல்கிறோம். நேப்பிள்ஸில் நான்கு இரவுகள் தங்குகிறோம்; அதில் ஒரு முழு நாளை அமால்ஃபி கடற்கரைக்கென்று வைத்திருக்கிறோம். அதற்கு மேல் ஒதுக்க வழியில்லை. ஐம்பது பேர் போகும் சுற்றுலாப் பேருந்து, எட்டுப் பேருக்கு மிகாத வேன், ரயிலும் உள்ளூர்ப் பேருந்தும் பிடித்து நாமே போய்வருவது என்று மூன்று வழிகள் கண்ணில் படுகின்றன. வேனுக்குப் பேருந்தைப் போல ஏறத்தாழ இரண்டு மடங்கு கேட்கிறார்கள். கொடுக்கும் பணத்துக்கு அது தகுமா என்பதுதான் என் கேள்வி.

நான் பார்த்து வைத்திருக்கும் வேன் பயணத்தில் சொரெண்டோ, பொசிட்டானோ, அமால்ஃபி, ரவெல்லோ ஆகிய நான்கு ஊர்களையும் பத்து மணி நேரத்தில் காட்டுவதாகப் போட்டிருக்கிறார்கள். இன்னொன்றில், எரிமலை வெடிப்பில் புதைந்துபோன பழைய ரோமானிய நகரமான பாம்பேயையும் சேர்த்திருக்கிறார்கள். அம்மாவுக்கு எழுபது வயது. சமதரையில் எவ்வளவு தூரமும் நடப்பார், ஆனால் படி என்றால் முழங்கால் ஒத்துழைக்காது. கணவரோ மலைப்பாதையில் வளைவுகள் தொடங்கியதுமே எலுமிச்சம்பழத்தைக் கையில் எடுத்துவிடுவார். மூவரும் சைவம். போய்வந்தவர்கள் வழிகாட்டினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

கடலோடி

சகோதரி, அந்தச் சாலையைப் பற்றித் தெரிந்துகொண்டால் விலை வித்தியாசத்துக்கான காரணம் விளங்கிவிடும். சொரெண்டோவுக்குப் பக்கத்தில் உள்ள மேட்டாவில் தொடங்கி, சலெர்னோவை ஒட்டிய வியெட்ரி வரை, எஸ்.எஸ். 163 என்ற ஒரே சாலைதான் கரையோர ஊர்களையெல்லாம் கோத்துக்கொண்டு போகிறது. நீளம் சுமார் 50 கிலோமீட்டர்தான். ஆனால் போர்பன் மன்னர்கள் நேப்பிள்ஸை ஆண்ட பத்தொன்பதாம் நூற்றாண்டில், குதிரை வண்டிகள் ஓடிய காலத்தில், மலைச்சரிவைக் குடைந்து போட்ட சாலை அது. ஒரு பக்கம் பாறை, மறுபக்கம் குட்டைச் சுவர், அதற்குக் கீழே நேராகக் கடல். திருப்பத்தில் எதிரே பேருந்து வந்துவிட்டால், இரண்டில் ஒரு வண்டி பின்வாங்கி வழிவிட்டால்தான் நகர முடியும். அதனால் நீளமான சுற்றுலாப் பேருந்துகளுக்கு அங்கே பல கட்டுப்பாடுகள் உண்டு. 2022 முதல், நெரிசல் மிகுந்த நாட்களில், தனியார் கார்கள் பதிவெண்ணின் கடைசி இலக்கம் ஒற்றையா இரட்டையா என்பதைப் பார்த்து ஒருநாள் விட்டு ஒருநாள்தான் பகலில் அனுமதிக்கப்படுகின்றன. ஓட்டுநரோடு வரும் உரிமம் பெற்ற வாடகை வண்டிகளுக்கு அதிலிருந்து விலக்கு இருக்கிறது. எட்டுப் பேர் என்ற எண்ணிக்கைக்கும் காரணம் உண்டு: ஓட்டுநரைத் தவிர எட்டு இருக்கை வரை இருந்தால்தான் ஐரோப்பியச் சட்டப்படி அது கார், அதற்கு மேல் ஓர் இருக்கை கூடினாலும் பேருந்து.

ஆகவே பேருந்தை விட்டுவிடுங்கள். ஆனால் நான்கு ஊர் வேனையும் அப்படியே வாங்கிவிடாதீர்கள். நேப்பிள்ஸிலிருந்து பொசிட்டானோ போய்ச் சேர ஒன்றரை மணி நேரம் ஆகும். அங்கிருந்து அமால்ஃபி 17 கிலோமீட்டருக்குள்தான்; சாலை காலியாக இருந்தால் நாற்பது நிமிடம், இல்லையென்றால் ஒரு மணி நேரத்துக்கும் மேல். ரவெல்லோவுக்கு ஏற அரை மணி, நேப்பிள்ஸ் திரும்ப இன்னொரு ஒன்றரை மணி. சாப்பாட்டுக்கு ஒரு மணி நேரத்தைக் கழித்தால், நான்கு ஊருக்கும் சேர்த்துக் கையில் நிற்பது நான்கு மணி நேரத்தைச் சுற்றித்தான். வண்டியை நிறுத்திவிட்டு நடந்து போய்த் திரும்பி வரும் நேரமும் அதற்குள்தான் அடங்க வேண்டும். சொரெண்டோ அழகான ஊர்தான். ஆனால் நேப்பிள்ஸிலிருந்து புறநகர் ரயிலிலேயே எப்போது வேண்டுமானாலும் போய்விடலாம், வேனுக்குக் கொடுக்கும் பணத்தை அங்கே செலவழிக்க வேண்டாம். பாம்பேயைச் சேர்த்த பயணத்தைப் பற்றி யோசிக்கவே வேண்டாம். அறுபது ஹெக்டேருக்கு மேல் பரந்து கிடக்கும் ஒரு நகரத்தை ஒன்றரை மணி நேரத்தில் காட்டுகிறேன் என்பவர் வாசலைத்தான் காட்டுவார்.

கணவரை ஓட்டுநருக்குப் பக்கத்து இருக்கையில் உட்கார வையுங்கள். முன்பதிவின்போதே எழுதிக் கேட்டால் பெரும்பாலும் தருவார்கள். பொசிட்டானோவிலிருந்து அமால்ஃபியை நோக்கிப் போகும்போது கடல் வலப்புறம் இருக்கும் என்பதால், நீங்களும் அம்மாவும் வலப்பக்கச் சன்னலைப் பிடித்துக்கொள்ளுங்கள். திரும்பும்போது பல ஓட்டுநர்கள் ரவெல்லோவிலிருந்து கியூன்ஸி கணவாய் வழியாக மலையைக் கடந்து நெடுஞ்சாலையைப் பிடிக்கிறார்கள். அங்கேயும் வளைவுகள் உண்டு. ஆனாலும் கரையோர நெரிசலில் மாட்டிக்கொள்ளாமல் தப்பிக்கலாம். மறுசரிவில் இறங்கும்போது வெசுவியஸ் எரிமலை முழுதாகத் தெரியும்.

பனைமரம்

கடலோடி போட்ட நேரக் கணக்கில் குறை சொல்ல ஒன்றுமில்லை. என்றாலும் படியும் வளைவும் ஆகாத இருவரை வைத்துக்கொண்டு இந்தக் கரையைச் சாலை வழியாகப் பார்க்க நான் சொல்ல மாட்டேன். நேப்பிள்ஸிலிருந்து சலெர்னோவுக்கு விரைவு ரயிலில் நாற்பது நிமிடம். நிலையத்திலிருந்து நடக்கும் தூரத்தில் படகுத்துறை இருக்கிறது. அங்கிருந்து அமால்ஃபிக்கு முக்கால் மணிக்குள், பொசிட்டானோவுக்கு ஏறத்தாழ ஒன்றேகால் மணியில் போய்விடலாம். செப்டம்பர் இறுதியில் படகுகள் ஓடிக்கொண்டுதான் இருக்கும்.

நான் படகைச் சொல்வதற்கு முக்கியக் காரணம் பொசிட்டானோ. அந்த ஊர் செங்குத்தான சரிவில் அடுக்கடுக்காக அமைந்தது. வேன் உங்களை மேலே சாலையோரத்தில் இறக்கிவிடும்; கடற்கரைக்குப் போக இரு பக்கமும் கடைகள் நிறைந்த சரிவுப் பாதையிலும் படிகளிலும் இறங்கி, குறித்த நேரத்துக்குள் அதே வழியில் மூச்சிரைக்க ஏறி வர வேண்டும். உங்கள் அம்மாவுக்கு அந்த ஒரு மணி நேரமும் அதிலேயே போய்விடும். படகில் வந்தாலோ நேரே கடற்கரையிலேயே இறங்குகிறீர்கள். மஞ்சளும் பச்சையுமாக ஓடு பதித்த குவிமாடத்தோடு நிற்கும் சாந்தா மரியா அசுந்தா தேவாலயம் அங்கிருந்து சில அடி தூரம்தான். உள்ளே பீடத்தின் மேல் பைசாந்திய மரபில் தீட்டிய கறுப்பு மாதா படத்தைப் பார்த்துவிட்டு, கரையில் ஒரு காப்பி குடித்துவிட்டு, மேலே ஏறாமலேயே அடுத்த படகைப் பிடிக்கலாம். மேலும், மலைமேல் ஒட்டிக்கொண்டிருக்கும் இந்த ஊர்களின் முழு உருவம் கடலிலிருந்து பார்த்தால்தான் தெரியும். சாலையில் போகிறவருக்கு ஒரு வளைவுக்கு ஒரு துண்டாகத்தான் கிடைக்கும்.

இரண்டு குறைகளையும் சொல்லிவிடுகிறேன். கடல் கொந்தளித்தால் படகை நிறுத்திவிடுவார்கள். அன்று உங்களுக்கு உள்ளூர்ப் பேருந்துதான் கதி, அதில் உட்கார இடம் கிடைக்கும் என்பதற்கு எந்த உறுதியும் இல்லை. இன்னொன்று, ரவெல்லோவுக்குப் படகு போகாது. அமால்ஃபியிலிருந்து பேருந்திலோ டாக்சியிலோதான் ஏற வேண்டும்.

தென்றல்

இருவருக்கும் மிக்க நன்றி. பொசிட்டானோவைப் பற்றிய விவரம் எந்தப் பயண அறிவிப்பிலும் இல்லாதது. இப்போது ரவெல்லோவை விடுவதா என்ற குழப்பம் வந்திருக்கிறது. தோட்டங்களென்றால் அம்மாவுக்கு உயிர். வேன் பயணத்தில் “வழிகாட்டியுடன்” என்று போட்டிருக்கிறார்களே, அவர் எங்களோடு இறங்கி வந்து விளக்குவாரா? சாப்பாட்டைப் பற்றியும் யாராவது சொன்னால் நல்லது.

மலைச்சாரல்

தென்றல், அந்த “வழிகாட்டியுடன்” என்ற சொல்லை நம்பித்தான் பலர் பணம் கட்டுகிறார்கள். சிறு குழு வேன்களில் பெரும்பாலும் ஆங்கிலம் பேசும் ஓட்டுநர் மட்டுமே வருவார். ஓட்டிக்கொண்டே ஊர்களைப் பற்றிச் சொல்வார், பலர் சுவையாகவும் சொல்வார்கள். ஆனால் இறங்கி வந்து தேவாலயத்துக்குள்ளோ மாளிகைக்குள்ளோ விளக்க மாட்டார். இத்தாலியில் அதற்குத் தனி உரிமம் பெற்ற வழிகாட்டி வேண்டும். வழிகாட்டி தனி ஆளா, நுழைவுக் கட்டணம் சேர்ந்ததா, ஒவ்வோர் ஊரிலும் எத்தனை நிமிடம் என்ற மூன்றையும் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். மூன்றாவது கேள்விக்கு மழுப்புகிறவரிடம் பதிவு செய்ய வேண்டாம். நான் போன வேன் (நிறுவனத்தின் பெயர் வேண்டாம்) பயணத் திட்டத்தில் இல்லாத ஒரு லிமோன்செல்லோ (எலுமிச்சை மது) கடையில் முக்கால் மணி நேரம் நின்றது; அந்த முக்கால் மணி ரவெல்லோ கணக்கில் கழிந்தது.

ரவெல்லோவை விடாதீர்கள் என்பது என் கருத்து. கடல்மட்டத்துக்கு 350 மீட்டர் மேலே இருந்தாலும், முழங்கால் வலிக்காரர்களுக்கு இந்தக் கரையிலேயே இதமான ஊர் அதுதான். வண்டி நிற்கும் இடத்திலிருந்து சிறிய சுரங்கப்பாதை வழியாக நடந்தால் ஊர்ச் சதுக்கம் வந்துவிடும். சதுக்கத்தின் ஓரத்திலேயே வில்லா ரூஃபோலோவின் வாசல். 13-ஆம் நூற்றாண்டில் ஒரு வணிகக் குடும்பம் கட்டிய மாளிகை அது. சிதைந்து கிடந்ததை 19-ஆம் நூற்றாண்டில் ஸ்காட்லாந்துக்காரர் ஒருவர் வாங்கிச் செப்பனிட்டார். 1880-இல் இங்கே வந்த இசையமைப்பாளர் வாக்னர், தாம் எழுதிக்கொண்டிருந்த ‘பார்சிஃபால்’ இசைநாடகத்தில் வரும் மந்திரவாதியின் தோட்டத்தை இங்கே கண்டதாக எழுதி வைத்தார். கோடையில் நடக்கும் ரவெல்லோ இசை விழாவுக்கு இந்தத் தோட்டத்தில் கடலை நோக்கி மேடை கட்டுகிறார்கள். பூப்பாத்திகளுக்கு அப்பால் இரட்டைக் குவிமாடமும் குடை போன்ற பைன் மரமும், அதற்குக் கீழே மயோரி வரை நீளும் கரையும் ஒரே பார்வையில் தெரியும் இடத்தில் அம்மாவை உட்கார வையுங்கள். வில்லா சிம்ப்ரோனே வேண்டாம். படிகளும் ஏற்றமும் உள்ள வழி.

அமால்ஃபியில் தேவாலயத்துக்கு 62 படிகள். அம்மா கீழே புனித அந்திரேயா நீரூற்றுக்கு எதிரே கடையில் உட்காரட்டும்; நீங்கள் மட்டும் ஏறுங்கள். கான்ஸ்டான்டினோபிளில் 11-ஆம் நூற்றாண்டில் வார்த்துக் கொண்டுவந்த வெண்கலக் கதவுகளையும், பின்னிப் பிணைந்த அரபுப் பாணி வளைவுகள் கொண்ட உள்முற்றத்தையும் பார்த்தால், வெனிஸ், ஜெனோவா, பீசாவோடு ஒரு காலத்தில் கடல் வணிகத்தில் போட்டியிட்ட ஊர் இது என்பது புரியும். 1343-இல் வந்த பெரும்புயல் துறைமுகத்தையும் கீழ் ஊரின் பெரும்பகுதியையும் கடலுக்குள் கொண்டுபோய்விட்டது. எஞ்சியதுதான் நாம் இன்று நடப்பது.

சாப்பாடு சிரமமில்லை. நொக்கி அல்லா சொரெண்டினா என்பது தக்காளியும் மொட்சரெல்லாவும் சேர்த்த உருளைக்கிழங்கு உருண்டை. பார்மிஜானா கேட்டால் கத்தரிக்காய் வரும். ஷலத்தியெல்லி என்ற தடித்த பாஸ்தாவைப் பெரும்பாலும் கடல் உணவோடுதான் தருவார்கள் என்பதால், அது இல்லாமல் தரச் சொல்லிக் கேட்டு வாங்குங்கள். இந்தக் கரையிலுள்ள சேத்தாரா ஊரின் நெத்திலிச் சாறு இந்தப் பக்கத்துச் சமையலின் பெருமை; காய்கறிப் பண்டத்திலும் அது கலந்திருக்கலாம். “சென்ட்ஸா கார்னே, சென்ட்ஸா பெஷ்ஷே, சென்ட்ஸா அச்சூகே” என்று சொன்னால் இறைச்சி, மீன், நெத்திலி மூன்றும் வேண்டாம் என்று பொருள். பார்மிஜானோ பாலாடைக்கட்டியில் கன்றின் வயிற்றிலிருந்து எடுத்த உறைபொருள் உண்டு. அது உங்களுக்கு ஆகாதென்றால் பாஸ்தாவின் மேல் தூவ வேண்டாம் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். இனிப்புக்கு எலுமிச்சை மணக்கும் தெலிட்சியா அல் லிமோனே, முட்டை சேர்ந்தது.

கடலோடி

பனைமரத்தின் வாதத்தைப் படித்தபின் என் யோசனையைச் சற்று மாற்றிச் சொல்கிறேன். மூன்று பேர் என்பதால், காலையில் ரயிலில் சலெர்னோ, அங்கிருந்து படகில் பொசிட்டானோ, பிறகு படகிலேயே அமால்ஃபி, அங்கிருந்து டாக்சியில் ரவெல்லோ என்று போனால், மூன்று வேன் இருக்கைக்கு ஆகும் தொகையைத் தாண்டாது என்றே நினைக்கிறேன். டாக்சிக்கு ஏறும் முன்பே தொகையைப் பேசிவிடுங்கள். வேன்தான் வேண்டுமென்றால், காலையில் கியூன்ஸி வழியாக முதலில் ரவெல்லோவுக்குப் போய், பிறகு அமால்ஃபிக்கு இறங்கி, பொசிட்டானோவை மேலேயுள்ள சாலைத் திருப்பத்திலிருந்து மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பும் பயணமாகத் தேடுங்கள். கூட்டம் பெரும்பாலும் எதிர்த்திசையில்தான் வரும். எதை முடிவு செய்தாலும், முந்தைய நாள் வரை பணத்தைத் திருப்பித் தருகிற பதிவாக எடுங்கள். வானிலையைப் பார்த்து நேப்பிள்ஸில் தங்கும் வேறொரு நாளையும் இந்த நாளையும் இடம் மாற்றிக்கொள்ள அப்போதுதான் வசதியாக இருக்கும்.