குறைதீர்க்கும் குழுத் தேர்தல்: நடத்தியவர்கள் வழி சொல்லுங்க

தோழர்களே, வணக்கம். திருவாரூர் பக்கம் அரிசி ஆலை ஒன்றில் 42 பேர் வேலை செய்கிறோம். தொழிலாளர் புகார்களை விசாரிக்கும் குறைதீர்க்கும் குழு இன்னும் இல்லை. 2020 தொழில் உறவுச் சட்டத் தொகுப்புப்படி 20 தொழிலாளர் இருந்தாலே குழு வேண்டும்: நிர்வாகம், தொழிலாளர் இரு தரப்பிலும் சம எண்ணிக்கை, மொத்தம் 10 பேருக்கு மிகாமல், தலைவர் பதவி ஆண்டுதோறும் மாறி மாறி, பெண்களுக்கு உரிய இடம். மனுவை 30 நாளில் விசாரித்து முடிக்க வேண்டும்.

பல இடங்களில் குழு பெயரளவில் நிற்பதற்குக் காரணம், தொழிலாளர் பிரதிநிதியை நிர்வாகமே நியமிப்பதுதான். அதனால் ரகசிய வாக்கெடுப்பு வேண்டும் என்கிறோம். பாய்லர் ஆட்கள் மூன்று ஷிப்ட். உலர்களத்துப் பெண்கள் மதியமே கிளம்பிவிடுவார்கள். பெட்டியை எத்தனை மணி நேரம் வைத்தீர்கள்? இரவு யார் காவல்?

குழு முடிவுகளை எழுதும் தீர்மான நோட்டு இன்னொரு கவலை. கையெழுத்துக்கு மேலே இடம் விட்டால் பிறகு இரண்டு வரி சேர்ந்துவிடும். கடைசி வரியை ஒட்டியே கோடு கிழித்து, பக்க எண் போட்டு, அன்றைக்கே போட்டோ எடுப்பது நல்லது.

ஒப்பந்தக்காரர் மூலம் வரும் மூட்டை தூக்கும் தோழர்களை வாக்காளர் பட்டியலில் சேர்த்தீர்களா? அவர்களை விட்டுவிடவே கூடாது என்பது எங்கள் எண்ணம். தேர்தல் அறிவிப்பு மாதிரி இருந்தால் அனுப்புங்க.