பேக் டு தி ஃபியூச்சர் 2: ஹோவர்போர்டு நிஜத்தில் மிதந்த விதம்

1989-ல் வந்த படத்தில் நாயகன் மார்ட்டி காலப்பயணம் செய்து போய் இறங்கும் நாள் 2015 அக்டோபர் 21. அதில் வரும் ஹோவர்போர்டை, அதாவது சக்கரமில்லாமல் தரைக்கு மேல் மிதக்கும் பலகையை, நிஜத்தில் செய்து பார்த்ததில் எது எங்கே இடறியது என்று விவரம் தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

●

கார் நிறுவனமான லெக்சஸ் 2015-ல் பார்சிலோனா பக்கம் ஓட்டிக் காட்டியது மீகடத்திப் பலகை (மீகடத்தி என்றால் கடுங்குளிரில் மின்தடையே இல்லாமல் போகும் பொருள், சூப்பர்கண்டக்டர்). உள்ளே திரவ நைட்ரஜன் ஊற்றி மைனஸ் 197 டிகிரிக்குக் குளிர்விக்கணும். ஓடுதளத்துக்கு அடியில் காந்த வரிசை பதித்திருக்கணும். இந்த வகையில் முக்கியமான விஷயம், குளிரும்போது காந்தத்திலிருந்து எவ்வளவு உயரத்தில் இருக்கிறதோ அந்த இடத்தைத்தான் மீகடத்தி பிடித்துக்கொள்ளும். அதனால் நடுவில் கட்டை வைத்துக் குளிர்வித்து, பிறகு உருவ வேண்டும். நேரே காந்தத்தின் மேல் வைத்துக் குளிர்வித்தால் மிதக்காது. வழக்கமாகப் போடும் மீகடத்தியான இட்ரியம் பேரியம் தாமிர ஆக்சைடு சுமார் மைனஸ் 181 டிகிரியில் மீகடத்தும் தன்மையை இழக்கும். நைட்ரஜன் ஆவியாகிச் சூடு ஏற ஏறப் பிடிப்பு தளரும்; ஆள் நின்றால் அந்த அளவை எட்டும் முன்பே பலகை கீழே இறங்கத் தொடங்கிவிடும். காந்தப் பாதையை விட்டு வெளியே ஓட்ட முடியாது.

●

2014-ல் கிக்ஸ்டார்ட்டரில் (மக்களிடம் நிதி திரட்டும் தளம்) வந்த ஹெண்டோ என்ற பலகை வேறு வழி. நைட்ரஜனே வேண்டாம். அடியில் 4 மிதவை எஞ்சின்கள். அவற்றின் மாறும் காந்தப்புலம் செம்புத் தகட்டில் சுழல் மின்னோட்டத்தைத் தூண்டி, அந்த எதிர்விசையில் பலகை எழும்பும். உயரம் சுமார் ஓர் அங்குலம். தகடு மெலிந்தால் தூக்கும் விசை குறையும். தரையோடு உராய்வே கிடையாது, அதனால் காலால் அழுத்தித் திருப்ப நினைத்தால் நின்ற இடத்திலேயே சுழலும். பேட்டரி சில நிமிடம்தான். சத்தமும் அதிகம்.

●

படத்தில் வரும், கயிற்றைத் தானே கட்டிக்கொள்ளும் ஷூவை மறக்க வேண்டாம். நைக்கி 2011-ல் ஏலம் விட்ட 1,500 ஜோடியில் அந்த வசதி இல்லை. 2016-ல் வந்த 89 ஜோடியில்தான் மோட்டார் கயிற்றை இறுக்கியது. இரண்டு முறையும் பணம் பார்க்கின்சன் ஆராய்ச்சிக்குப் போனது, அது பெரிய விஷயம்.

●

பேஸ்பால் கணிப்பு அருமை! படத்தில் 2015 உலகத் தொடரை (அமெரிக்க பேஸ்பால் இறுதிப் போட்டி) சிகாகோ அணியான கப்ஸ் வெல்லும். நிஜத்தில் அதே அக்டோபர் 21 அன்றுதான் நியூயார்க் அணியான மெட்ஸிடம் தோற்று வெளியேறினார்கள். கோப்பை வந்தது 2016-ல், 108 வருடம் கழித்து. படத்தில் சொன்னபடி எதிரணி மயாமி என்பது மட்டும் நடக்காது. இறுதியில் மோதுவது இரு வேறு லீக்குகளின் வெற்றியாளர்கள்; இப்போது இரு அணியும் ஒரே லீக், அதனால் மோதவே முடியாது.

●

கடையில் ஹோவர்போர்டு என்று விற்கும் இரு சக்கரப் பலகை மிதக்காது. பிள்ளைகளுக்கு வாங்குபவர்கள் யூஎல் 2272 என்ற பாதுகாப்புத் தர முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள். லித்தியம் பேட்டரி தீப்பிடித்ததால் 2016-ல் அமெரிக்காவில் சுமார் 5 லட்சம் பலகைகள் திரும்பப் பெறப்பட்டன. இரவு முழுக்க சார்ஜில் போட்டுவிட்டுத் தூங்காதீர்கள்.