ரிப்ளி குறும்படத்தின் ஒலித்தட்டைப் படத்தோடு பொருத்த உதவி தேவை

ராபர்ட் ரிப்ளியின் 'நம்பினால் நம்புங்கள்' குறும்படங்கள் வைட்டாஃபோன் (படத்தின் ஒலியைத் தனித் தட்டில் பதிந்த வார்னர் பிரதர்ஸின் நிறுவனம்) 1930–32இல் எடுத்தவை. அதில் ஒன்றின் 35 மி.மீ. ஸ்கேனும், 16 அங்குல ஒலித்தட்டின் பதிவும் தனித்தனியாகக் கைக்கு வந்திருக்கின்றன.

தட்டு நிமிடத்துக்கு 33⅓ சுற்று வேகத்தில் உள்ளிருந்து வெளியே ஓடும், தொடக்கக்குறி நடுவில். படம் நொடிக்கு 24 பிரேம், ஓர் அடிக்கு 16. பிலிம் அறுந்து ஒட்டு போட்ட இடங்களில் பிரேம்கள் போய்விட்டன. ஓர் அடி போனால் முக்கால் நொடிக்குச் சற்றுக் குறைவாக உதடசைவு ஒலியிலிருந்து விலகுகிறது, அது அடுத்தடுத்து கூடிக்கொண்டே போகிறது. அன்றைய தியேட்டர்களில் அறுந்த அளவுக்குக் கறுப்புப் பிலிம் செருகினார்கள். அதையே செய்யலாம், ஆனால் எத்தனை பிரேம் என்று எப்படிக் கண்டுபிடிப்பது? பேச்சு வரும் இடத்தில் உதடு காட்டிக்கொடுக்கும். விவரணை மட்டும் ஓடும் காட்சிகளில் பிடிமானமே இல்லை. பிலிமின் ஓரத்தில் அடிக்கணக்கு காட்டும் விளிம்பு எண்களும் இல்லை.

இன்னொன்று: சுருதி 1.8 நொடிக்கு ஒருமுறை அலைகிறது. ஒரு சுற்றுக்கு ஆகும் நேரமும் அதுதான் என்பதால் துளை மையம் விலகியிருக்க வேண்டும். மென்பொருளில் திருத்துவதா, தட்டை மையப்படுத்தி, 3 மில் (அங்குலத்தில் ஆயிரத்தில் மூன்று பங்கு) ஊசியால் மறுபடி பதிவதா? செய்து பார்த்தவர்கள் சொல்லுங்கள்.